பெத்லகேம் அருகே ஒரு வீட்டைப் படமாக்கியபோது கற்றவை

பாலஸ்தீனத்தைப் பற்றிய ஆவணப்படம் என்றதுமே பார்வையாளரின் மனத்தில் சில காட்சிகள் தாமாக ஓடத் தொடங்கிவிடுகின்றன. இடிந்த சுவர், கல்லெறியும் சிறுவன், கதறும் தாய், துப்பாக்கி ஏந்திய சிப்பாய் ஆகியவையே அவை. இவற்றில் எதுவும் பொய்யல்ல. ஆனால் ஒரு குடும்பத்தின் ஓராண்டில் இக்காட்சிகளுக்கு வெளியே கிடக்கும் நேரம் மிகப் பெரியது. அந்த நேரத்தில்தான் அரிசி களைகிறார்கள், பிள்ளையைத் தேர்வுக்கு எழுப்புகிறார்கள், மளிகைக் கடன் எவ்வளவு ஏறியிருக்கிறது என்று கணக்குப் பார்க்கிறார்கள், பெண் பார்க்க வருவோருக்காகப் பக்கத்து வீட்டில் நாற்காலி இரவல் வாங்குகிறார்கள். பெத்லகேமுக்குத் தெற்கே உள்ள தெய்ஷா அகதிகள் முகாமில் ஒரு குடும்பத்தையும், அல்-வலஜா கிராமத்தில் அவர்களுடைய உறவினரையும் சில ஆண்டுகள் தொடர்ந்து படமெடுத்தேன். இஸ்ரேலிய இராணுவ ஆக்கிரமிப்பு மிக ஆழமாகப் புகுந்திருப்பது இந்தச் சாதாரண நேரத்துக்குள்தான் என்பதே அந்த ஆண்டுகள் எனக்குக் காட்டிய செய்தி. அதை எப்படிப் படமாக்கலாம், எவற்றைப் படமாக்கக் கூடாது என்பதை, இத்துறையில் இறங்க விரும்பும் இளையவர்களுக்குப் பயன்படும் என்று கருதி எழுதுகிறேன். குடும்பத்தாரின் பெயர்களை எழுதவில்லை. அதற்கான காரணம் கட்டுரையின் போக்கிலேயே விளங்கும்.

முதலில் நோக்கத்தைப் பற்றிச் சொல்லிவிடுகிறேன். பாலஸ்தீனரும் நம்மைப் போன்ற மனிதர்களே என்று உலகுக்குக் காட்டவே படமெடுக்கிறோம் என்று நல்லெண்ணத்தோடு சொல்பவர்கள் பலர். எனக்கு அதில் உடன்பாடில்லை. ஒருவர் மனிதர்தான் என்று மெய்ப்பிக்கும் பொறுப்பை அவர் தலையிலேயே சுமத்தும் அந்தத் தொடக்கம், அவரை எந்நேரமும் சிரிக்கவோ அழவோ வைத்துக்கொண்டே இருக்கும். எரிச்சலடையவும், சோம்பிக் கிடக்கவும், கேமராவைப் பொருட்படுத்தாமல் இருக்கவும் உரிமையுள்ளவர்களாக அவர்கள் திரையில் வரவேண்டும். ஒரு வீடு எப்படி நடக்கிறது என்ற எளிய கேள்வியோடு உள்ளே போனால் போதும். மீதியை அந்த வீடு சொல்லும்.

இந்த வழி புதியதன்று. 1968இல் அம்மானில் தொடங்கிய பாலஸ்தீனத் திரைப்படப் பிரிவு, முஸ்தஃபா அபு அலி போன்றோரின் முயற்சியில் போராட்டத்தையும் முகாம்களையும் பதிவு செய்தது. 1980இல் பாலஸ்தீன இயக்குநர் மிஷேல் க்லெய்ஃபி தம் முதல் முழுநீளப் படத்தில் இரண்டு பெண்களின் வீடுகளுக்குள் கேமராவைக் கொண்டுபோனார். ஒருவர் பறிக்கப்பட்ட நிலத்தை விட்டுக்கொடுக்க மறுக்கும் முதிய கைம்பெண். மற்றவர் நாப்லுஸ் நகரின் நாவலாசிரியர் சஹர் கலீஃபா. மாவு பிசைவதும் துணி உலர்த்துவதும் தனிமையில் புகைப்பதும் ஒரு நாட்டின் வரலாறாகத் திரையில் நிற்க முடியும் என்பதற்கு அந்தப் படமே போதிய சான்று. இத்துறைக்கு வருவோர் தாங்கள் எந்த வரிசையில் நிற்கிறோம் என்று அறிந்துகொள்வது நல்லது.

தெய்ஷா முகாம் 1949இல், முந்தைய ஆண்டுப் போரின்போது ஜெருசலேமுக்கும் ஹெப்ரானுக்கும் மேற்கே இருந்த 45 கிராமங்களிலிருந்து வெளியேற்றப்பட்டவர்களுக்காக அமைக்கப்பட்டது. ஒரு சதுர கிலோமீட்டரில் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு நிலம். அதில் பல ஆயிரம் பேர். கூடாரங்களின் இடத்தில் சிறு அறைகள் எழுந்தன, அறைகளின் மேல் மாடிகள் எழுந்தன, மாடிகளின் மேல் இப்போது மகன்களுக்கான மாடிகள் எழுந்துகொண்டிருக்கின்றன. இரண்டு பேர் எதிரெதிரே வந்தால் ஒருவர் சுவரோடு ஒட்டி நிற்கவேண்டிய சந்துகள் பல. இராணுவம் முகாமைச் சுற்றி வேலியிட்டிருந்த காலத்துச் சுழல் வாயில் ஒன்று ஹெப்ரான் சாலையோரத்தில் இன்னும் நிற்கிறது. வெளிநாட்டுப் படக்குழுக்கள் முதலில் படமெடுப்பது அதைத்தான். நானும் எடுத்தேன், படத்தொகுப்பில் அதற்கு இடம் கிடைக்கவில்லை.

நாங்கள் எடுத்தவற்றில் படத்தின் முதுகெலும்பாக அமைந்தது தண்ணீர் வரும் நாள். 1967 முதல் இஸ்ரேலின் ஆக்கிரமிப்பில் உள்ள மேற்குக் கரையில் பாலஸ்தீனர் வீடுகளைத் தொலைவிலிருந்தே அடையாளம் காட்டுபவை மொட்டைமாடிக் கறுப்புத் தொட்டிகள். எதிர்மலையில் உள்ள யூதக் குடியேற்றங்களின் கூரைகளில் அவை இல்லை. அங்கே குழாயில் எப்போதும் தண்ணீர் உண்டு. 1967 நவம்பரில் பிறப்பிக்கப்பட்ட இராணுவ ஆணை 158, அனுமதியின்றிக் கிணறு தோண்டவோ தண்ணீர்க் கட்டமைப்பு எதையும் நிறுவவோ தடை விதித்தது. 1995இல் இஸ்ரேலும் பாலஸ்தீனத் தரப்பும் செய்துகொண்ட இரண்டாம் ஆஸ்லோ உடன்படிக்கை, தண்ணீருக்கான கூட்டுக் குழு ஒன்றை உருவாக்கிய பிறகும், நிலத்தடி நீரின் மீதான கட்டுப்பாடு இஸ்ரேலிடமே தங்கிவிட்டது. மேற்குக் கரைப் பாலஸ்தீனர் ஒருவருக்கு நாளொன்றுக்குச் சராசரியாகக் கிடைப்பது 80 லிட்டர் அளவில்தான் என்று இஸ்ரேலிய மனித உரிமை அமைப்பான பெத்சலெம் 2023இல் கணக்கிட்டது. உலக நலவாழ்வு அமைப்பு பரிந்துரைப்பது 100 லிட்டர். முகாமில் கோடைக்காலத்தில் வாரக்கணக்கில் குழாய் வறண்டு கிடப்பதும், பிறகு முன்னறிவிப்பின்றி நள்ளிரவில் தண்ணீர் வருவதும் வழக்கம்.

இந்தப் புள்ளிவிவரங்களைத் திரையில் எழுத்தாகக் காட்டலாம் என்றுதான் முதலில் திட்டமிட்டிருந்தோம். ஆனால் அந்த வீட்டில் தங்கிய இரவுகளில் ஒன்றில் குழாய்க்குள் காற்று சீறும் ஒலி கேட்டதும் வீட்டுக்கார அம்மாள் விளக்கைப் போடாமலேயே எழுந்தார். துவைக்கும் எந்திரம் ஓடத் தொடங்கியது. ஒரு மகள் பாத்திரங்களை வரிசையாக வைத்தாள். இளையவன் மொட்டைமாடிக்கு ஓடித் தொட்டியின் மிதவையைச் சரிபார்த்தான். பாட்டி தம் படுக்கையிலிருந்தபடியே எந்தப் போர்வையை முதலில் துவைக்கவேண்டும் என்று ஆணையிட்டார். தண்ணீர் நின்றபோது விடிந்திருந்தது. பிள்ளைகள் தூங்காமலே பள்ளிக்குப் போனார்கள். ஆணை 158 என்ற சொல்லே இல்லாமல் அதன் முழுப்பொருளும் அந்த இரவில் இருந்தது. எனவே எழுத்தைக் கைவிட்டு, அந்த இரவுக்குப் படத்தில் தாராளமாக இடம் கொடுத்தோம்.

இத்தகைய காட்சியை எடுக்க விரும்புவோருக்குச் சில குறிப்புகள். தண்ணீர் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாததால், அங்கேயே படுத்துறங்கும் ஒருவரால்தான் இதைப் படமெடுக்க முடியும். விடுதியிலிருந்து காலையில் வந்து மாலையில் திரும்பும் குழுவால் முடியாது. குறைந்த ஒளியில் எடுக்கக்கூடிய சிறு கேமரா ஒன்று போதும். விளக்கு வைக்காதீர்கள், தூங்கும் குழந்தைகள் இருக்கும் வீடு அது. ஒலிக்குத்தான் மிகுந்த கவனம் தேவை. குழாயின் சீறல், தொட்டிக்குள் நீர் விழும் ஆழமான சத்தம், பக்கத்து வீடுகளிலும் அதே நேரத்தில் எந்திரங்கள் ஓடத் தொடங்கும் முழக்கம் ஆகியவற்றைத் தனித்தனியாகப் பதிவு செய்தால், ஒரு வீட்டின் காட்சி முகாம் முழுவதன் காட்சியாக விரியும். அந்தப் பணியைச் செய்தவர் பெத்லகேமைச் சேர்ந்த ஒலிப்பதிவாளர். எந்த ஒலி எதைக் குறிக்கும் என்பது அவருக்குச் சிறுவயது முதலே தெரிந்திருந்தது.

நேர்காணல்களைப் பற்றியும் சற்று விரிவாகச் சொல்லவேண்டும். பல தலைமுறைகளாக செய்தியாளர்களும் ஆய்வாளர்களும் தொண்டு நிறுவனத்தினரும் வந்துபோன இடம் அது. நாற்காலியில் உட்காரவைத்து ஒலிவாங்கியைச் சட்டையில் பொருத்தியதும், எட்டு வயதுக் குழந்தைகூடத் தன் மக்களின் சார்பில் பேசத் தொடங்கிவிடும். அந்தப் பேச்சு உண்மையானது, மதிப்புக்குரியது. ஆனால் அது வெளியாருக்கென்று வடிவம் பெற்ற பேச்சு. வேலை நடக்கும்போது வரும் பேச்சு வேறு. திராட்சை இலையில் அரிசி வைத்துச் சுருட்டும்போது, வெள்ளிக்கிழமை மக்லூபா என்ற சோற்று உணவுக்குக் கத்தரிக்காய் வறுக்கும்போது, கைகள் ஒன்றைச் செய்துகொண்டிருக்க வாய் வேறொன்றைச் சொல்லும். அந்த நேரத்தில் மாமியாரைப் பற்றியும், விலைவாசியைப் பற்றியும், சிறையிலிருந்து திரும்பிய அண்ணன் மகன் இன்னும் கதவைத் திறந்துவைத்தே தூங்குவதைப் பற்றியும் ஒரே மூச்சில் பேசுவார்கள். உட்காரவைத்து எடுத்த நேர்காணல்களில் ஒன்றுகூட இறுதிப் படத்தில் இல்லை. பாட்டியிடம் 1948இல் பூட்டிவிட்டு வந்த வீட்டின் சாவியைக் கையில் ஏந்திக் காட்டச் சொல்லும் வழக்கத்தையும் விட்டுவிடலாம். நாங்கள் கேட்கவில்லை. பழைய வலஜாவில் கத்தரிக்காய் எப்படி ருசித்தது என்பதில்தான் அவருக்குச் சொல்ல நிறைய இருந்தது.

வீட்டில் ஒரு பெண் எப்படி உடுத்தியிருக்கிறார் என்பதையும் கவனிக்கவேண்டும். குடும்பத்தார் மட்டும் இருக்கும்போது அங்குள்ள பெண்களில் பலர் தலையை மூடிக்கொள்வதில்லை. அயல் ஆடவர் கேமராவுடன் நுழைந்ததும் தலைத்துணி வந்துவிடும். அந்தக் கணமே அந்தச் சமையலறை அன்றாடச் சமையலறையாக இல்லாமல் போய்விடும். பெண் ஒளிப்பதிவாளர் ஒருவரை முதலிலிருந்தே குழுவில் சேர்த்துக்கொண்டதோடு, எந்தக் காட்சியில் கைகள் மட்டும், எதில் குரல் மட்டும், எதில் முகமும் வரலாம் என்று அந்த அம்மாளுடனும் மகள்களுடனும் பேசி முடிவு செய்தோம். படத்தில் பெரும்பகுதி கைகளாகவே அமைந்ததற்கு இதுதான் காரணம். அழகியல் நோக்கம் என்று சில விமர்சகர்கள் எழுதினார்கள். அங்கே பெண்களை மூத்த மகனின் பெயரோடு சேர்த்து, உம்மு (தாய்) இன்னார் என்றே அழைப்பார்கள். நாங்களும் அப்படியே அழைத்தோம். வீட்டுக்குள் எப்படி அழைக்கப்படுகிறார்களோ அப்படியே திரையிலும் அழைக்கப்படுவது அவர்களுக்கு இயல்பாக இருந்தது.

வீட்டுக்காரர் கட்டட வேலைக்காக ஜெருசலேமுக்குப் போய்வந்தவர். வேலை எட்டு மணிக்குத்தான் தொடங்கும் என்றாலும், 300ஆம் எண் சோதனைச்சாவடி என்று அழைக்கப்படும் பெத்லகேம் வாயிலின் வரிசையில் இடம்பிடிக்க இரவு இரண்டரைக்கே எழுவார். சுவருக்கும் கம்பி வேலிக்கும் இடையே உள்ள அந்த நெருக்கமான நடைபாதையில் ஆயிரக்கணக்கானோர் விடியுமுன் நிற்பதைப் பல நிழற்படங்களில் பார்த்திருப்பீர்கள். அதை நான் எடுக்கவில்லை. அவருடைய வேலை அனுமதிச்சீட்டு ஒரு காரணமும் சொல்லப்படாமல் எப்போது வேண்டுமானாலும் இரத்தாகக்கூடியது. ஒரு கேமராவுக்கு அருகில் நின்றார் என்பதே அதற்குப் போதுமானதாக இருக்கலாம் என்று அவர் அஞ்சினார், அந்த அச்சம் நியாயமானது. ஆகவே அவர் வீட்டை விட்டுக் கிளம்புவதையும், மாலையில் திரும்பிக் காலணியைக் கழற்றுவதையும் மட்டும் எடுத்தோம். நடுவில் உள்ள பதினைந்து மணிநேரத்தைப் பார்வையாளர் தாமே எண்ணிக்கொள்வார்.

2023 அக்டோபருக்குப் பிறகு அந்த அனுமதிச்சீட்டுகள் ஒட்டுமொத்தமாக நிறுத்திவைக்கப்பட்டன. அதற்கு முன் மேற்குக் கரையிலிருந்து ஒரு இலட்சத்துக்கும் மேற்பட்டோர் இஸ்ரேலில் வேலை செய்துவந்தனர். அவர்களில் பெரும்பாலோர் ஒரே வாரத்தில் வீட்டோடு முடங்கினார்கள். படத்தின் இரண்டாம் பகுதி திட்டமிடாமலே உருவானது இப்படித்தான். காஸாவில் நடந்துகொண்டிருந்த பேரழிவைத் தொலைக்காட்சி இரவும் பகலும் காட்டிக்கொண்டிருந்த அறையில், இரண்டரை மணிக்கு எழுந்து பழகிய உடம்பு இன்னும் இரண்டரைக்கே விழித்துக்கொள்ள, செய்வதற்கு ஒன்றுமில்லாத ஒரு மனிதர் உட்கார்ந்திருந்தார். அவர் கதவுக் கீல்களுக்கு எண்ணெய் விட்டார், ஏற்கெனவே நன்றாக இருந்த அலமாரியைப் பிரித்து மறுபடி பூட்டினார், மனைவியின் சமையலறை ஒழுங்கில் தலையிட்டுத் திட்டு வாங்கினார். வேலையின்மையை இதைவிடத் தெளிவாகக் காட்டும் காட்சிகள் என்னிடம் இல்லை. நாம் எடுக்க வந்த கதை இது இல்லையே என்று படப்பிடிப்பை நிறுத்திவிட்டுப் போகாமல் இருப்பது, இப்பணியில் மிகவும் தேவையான பொறுமை.

வெளிநாட்டவருக்கு விசா மாதக்கணக்கில்தான் கிடைக்கிறது. அந்த வீட்டின் காலமோ பருவங்களாலும் தேர்வுகளாலும் நோன்பு மாதத்தாலும் ஆனது. நான் அங்கே இல்லாத காலத்தைப் பெண் ஒளிப்பதிவாளரும், பின்னர் மூத்த மகளும் எடுத்தார்கள். பில்இன் கிராமத்து விவசாயி இமாத் புர்னாத், 2005இல் தம் நான்காவது மகன் பிறந்தபோது குடும்ப நினைவுகளுக்காக வாங்கிய கேமராவைக் கொண்டே தம் ஊரின் போராட்டத்தையும் பதிவு செய்தார் என்பதை இத்துறையினர் அறிவர். வீட்டுக்காரரின் கையில் உள்ள கேமரா நின்று பார்க்கும் இடமே வேறு. தௌஜிஹி என்ற பன்னிரண்டாம் வகுப்புத் தேர்வுக்குத் தங்கை படித்துக்கொண்டிருந்த இரவில், இராணுவ ஜீப்புகள் முகாமுக்குள் வந்தபோது அவள் புத்தகத்தை மூடாமல் விளக்கை மட்டும் அணைத்துவிட்டுக் காத்திருந்ததையும், அவை போனபின் அதே பக்கத்தைத் தொடர்ந்து படித்ததையும் அக்காதான் எடுத்தாள். நான் அந்த அறையில் இருந்திருந்தால் சன்னலை நோக்கித்தான் கேமராவைத் திருப்பியிருப்பேன். அவள் தங்கையின் முகத்தை விட்டு நகரவேயில்லை. படத்தில் அவளுக்கு ஒளிப்பதிவாளர் என்ற பெயரும், மற்ற ஒளிப்பதிவாளருக்குக் கொடுத்த அதே நாள் ஊதியமும் கொடுக்கப்பட்டன. படமெடுக்கப்படுவதற்காகக் குடும்பத்துக்குப் பணம் தரக் கூடாது என்ற விதியை நான் ஏற்கிறேன். ஆனால் உழைப்புக்கு ஊதியம் தராமலிருக்க அந்த விதியை மேற்கோள் காட்டுவது தவறு.

பயணத்தைப் பற்றி ஒரு விதியை முதல் நாளிலேயே வகுத்துக்கொண்டோம். பெத்லகேமிலிருந்து ரமல்லாவுக்கு ஜெருசலேம் வழியே போனால் 30 கிலோமீட்டருக்குள் பயணம் முடிந்துவிடும். மேற்குக் கரையின் பச்சை அடையாள அட்டை வைத்திருப்பவர் அனுமதியின்றி அந்த வழியே போக முடியாது. அவர்கள் வாதி அந்-நார் என்ற செங்குத்தான பள்ளத்தாக்குச் சாலையில், கண்டெய்னர் சோதனைச்சாவடியைக் கடந்து, ஜெருசலேமைச் சுற்றிக்கொண்டு போகிறார்கள். சாவடி மூடப்பட்டால் மேற்குக் கரையின் தெற்குப் பகுதியே வடக்கிலிருந்து துண்டிக்கப்பட்டுவிடும். எங்கள் கடவுச்சீட்டுக்குக் குறுக்குவழி திறந்திருந்தது. அதை எடுப்பதில்லை என்பதே விதி. சர்வீஸ் என்று அவர்கள் சொல்லும் பகிர்வு வேன்களில், எல்லோரோடும் உட்கார்ந்தே போனோம். அந்த வேன்களில் ஓட்டுநர்கள் எதிரே வரும் ஓட்டுநரிடம் கையசைவால் சாவடி நிலவரம் கேட்பார்கள். எதிரே வருபவரும் கையசைவாலேயே பதில் சொல்வார். பல்கலைக்கழக மாணவர்கள் வாட்ஸ்அப், டெலிகிராம் குழுக்களில் சாவடிச் செய்திகளைப் பார்த்துக்கொண்டே பாடம் படிப்பார்கள். இந்த அறிவெல்லாம் சாலையில்தான் கிடைக்கிறது. நாற்பது நிமிடத்தில் போய்ச் சேரும் இயக்குநருக்கு, மூன்று மணிநேரம் எடுத்து வந்து சேரும் கதைமாந்தரின் களைப்பு, நேரந்தவறுகிற குணமாகத் தோன்றக்கூடும்.

ஒலிவ அறுவடைக்கு அல்-வலஜா போனோம். 1948 அக்டோபரில் பழைய ஊர் இஸ்ரேலியப் படைகளால் கைப்பற்றப்பட்டது. மறு ஆண்டு வரையப்பட்ட போர்நிறுத்தக் கோடு, ரயில்பாதை ஓடும் பள்ளத்தாக்கை ஒட்டிச் சென்றதால், ஊரின் பெரும்பகுதி நிலம் இஸ்ரேல் பக்கம் போய்விட்டது. எஞ்சிய சரிவில் சிலர் மீண்டும் வீடு கட்டிக்கொண்டார்கள். மற்றவர்கள் தெய்ஷா போன்ற முகாம்களுக்குப் போனார்கள். 1967க்குப் பிறகு புதிய ஊரின் ஒரு பகுதி ஜெருசலேம் நகராட்சி எல்லைக்குள் இழுக்கப்பட்டது. கட்டட அனுமதி கிடைப்பதில்லை. அனுமதியில்லை என்று வீடுகள் இடிக்கப்படுகின்றன. 2002இல் தொடங்கிய பிரிப்புச் சுவர், சர்வதேச நீதிமன்றம் 2004 ஜூலையில் சட்டவிரோதம் என்று கருத்துரைத்த பின்னும் நீண்டு, இந்த ஊரையும் அதன் தோட்டங்களில் பலவற்றிலிருந்து பிரித்துவிட்டது. சுவரை ஒட்டிய சரிவில் அல்-பதவி என்ற ஒலிவ மரம் நிற்கிறது. அதன் வயது சில ஆயிரம் ஆண்டுகள் என்று மதிப்பிடுகிறார்கள்.

முதல் மழை பெய்து காயின் புழுதி கழுவப்பட்ட பிறகே பறிக்கத் தொடங்குவார்கள். மரத்தடியில் விரிப்பு விரித்து, சிறு பிளாஸ்டிக் வாரிகளால் கிளையைச் சீவும்போது காய்கள் தகரக் கூரையில் விழும் முதல் மழைத்துளிகளைப் போல விரிப்பில் பொழியும். ஆண்கள் ஏணியில், பெண்கள் கீழ்க்கிளைகளில், குழந்தைகள் சிதறியவற்றைப் பொறுக்கியபடி; நடுப்பகலில் ரொட்டி, ஸாத்தர் என்ற மூலிகைப் பொடி, தக்காளி, மர்யமிய்யா என்ற மூலிகை இலை போட்ட தேநீர். ஓராண்டு நன்றாகக் காய்த்தால் மறு ஆண்டு குறையும் மரம் இது. எனவே ஒரே அறுவடையை எடுத்துவிட்டுத் திரும்பும் படம், வளத்தையோ வறுமையையோ ஒன்றைத்தான் காட்டும். நாங்கள் அடுத்தடுத்த பருவங்களை எடுத்தோம். குடியேற்றத்தை ஒட்டிய, அல்லது சுவருக்கு அப்பால் உள்ள தோப்புகளுக்கு இராணுவம் ஒதுக்கும் சில நாட்களில்தான் உரிமையாளர்கள் போக முடியும்; 2023 அறுவடையில் பல இடங்களில் அந்த நாட்களும் மறுக்கப்பட்டன. உறவினரின் மேல்தோப்புக் காய்கள் மரத்திலேயே சுருங்கி உதிர்ந்தன. கீழ்த்தோப்பின் மூட்டைகள் மட்டும் செக்காலைக்குப் போயின.

செக்காலையை இரவில் எடுங்கள். தங்கள் காய் தங்கள் எண்ணெயாகவே வெளிவருகிறதா என்று ஒவ்வொரு குடும்பமும் எந்திரத்தின் அருகிலேயே காவல் நிற்கும். புது எண்ணெயில் ரொட்டியைத் தோய்த்து முன்பின் தெரியாதவருக்கும் நீட்டுவார்கள். கேமராவைக் கீழே வைத்துவிட்டு வாங்கிச் சாப்பிடவேண்டும். மரம் இல்லாத முகாம் வீட்டுக்கு ஆண்டுதோறும் ஒரு தகரடின் எண்ணெய் போகும் என்பது இரு வீடுகளுக்கும் இடையே முகாம் தொடங்கிய காலம் முதல் இருந்துவரும் ஏற்பாடு. தண்ணீரும் எண்ணெயும் படத்தின் இரு ஓட்டங்களாக அமைந்தது அந்த டின்னைப் பின்தொடர்ந்தபோதுதான்.

எடுத்தவற்றைப் பாதுகாப்பது தனி வேலை. பாலஸ்தீனத் திரைப்படப் பிரிவின் ஒளிப்பதிவாளர் ஹானி ஜௌஹரிய்யே 1976இல் லெபனானில் படமெடுக்கும்போதே கொல்லப்பட்டார். அவர்கள் சேர்த்த படச்சுருள்களின் பெரும் தொகுப்பு 1982இல் பெய்ரூத் முற்றுகைக் காலத்தில் காணாமற்போனது. ஒரு மக்களின் ஏறத்தாழ பதினைந்து ஆண்டுக் காட்சிகள் ஒரே இடத்தில் இருந்ததால் நேர்ந்த இழப்பு அது. எனவே மூன்று பிரதிகள், மூன்று இடங்கள், ஒன்று நாட்டுக்கு வெளியே என்று வைத்துக்கொள்ளுங்கள். வன்வட்டுகள் கடவுச்சொல்லால் மறையாக்கம் செய்யப்பட்டிருக்கவேண்டும். எல்லையைக் கடக்கும் நாளில் படப்பிடிப்புக் கோப்பு எதையும் கையில் எடுத்துச்செல்லாதீர்கள். முகாமின் சந்துகள், கதவு எண்கள், மொட்டைமாடியிலிருந்து தெரியும் வழிகள் ஆகியவற்றை அகலக் காட்சியாக எடுக்காதீர்கள். தேடுதல் வேட்டைக்கு வருவோருக்கு அதுவே வரைபடமாகிவிடும். முகாமின் இளைஞர்கள் இதை எங்களிடம் நேரடியாகச் சொன்னார்கள், நாங்கள் அப்படியே கடைப்பிடித்தோம்.

காஸாவைப் பற்றி எதுவும் எடுக்கவில்லையா என்று கேட்கிறார்கள். 2023 அக்டோபர் முதல் வெளிநாட்டுச் செய்தியாளர் தாமாக அங்கே நுழைய இஸ்ரேல் அனுமதிப்பதில்லை. அங்குள்ள அன்றாடத்தைப் பதிவு செய்பவர்கள் அங்கேயே வாழ்பவர்கள். அதற்காக உயிரையும் கொடுக்கிறார்கள். நிழற்படக் கலைஞர் ஃபாத்மா ஹஸூனா, தம்மைப் பற்றிய ஆவணப்படம் கான் திரைப்பட விழாவின் இணைப் பிரிவு ஒன்றுக்குத் தேர்வானதாக அறிவிக்கப்பட்ட மறுநாள், 2025 ஏப்ரல் 16 அன்று, குடும்பத்தினர் பலரோடு வான்தாக்குதலில் கொல்லப்பட்டார். அவருக்கு வயது 25. வெளியிலிருக்கும் நாம் செய்யக்கூடியது, அவர்கள் எடுத்ததை அவர்கள் பெயரோடும் உரிய தொகையோடும் திரைக்குக் கொண்டுவருவதும், நம் படத்துக்குள் அக்காட்சிகளை அலங்காரமாகச் செருகாமல் இருப்பதும்தான்.

படத்தொகுப்பின் முதல் வடிவத்தைக் குடும்பத்துக்கே முதலில் காட்டினோம்; விழாத் தேர்வாளர்களுக்கு அதன்பிறகுதான் அனுப்பினோம். பேச்சையெல்லாம் எழுத்தில் பெயர்த்தவரும் முகாமைச் சேர்ந்தவர்தான். நகைச்சுவை எது, சாபம் எது என்று அவரால்தான் பிரித்துச் சொல்ல முடிந்தது. வீட்டுக்காரர் வேலையின்றி உட்கார்ந்திருக்கும் காட்சிகளை நீக்கச் சொல்வார் என்று எதிர்பார்த்தேன். அவர் சொல்லவில்லை, அது நடந்ததுதானே என்றார். அந்த அம்மாள் ஒரே ஒரு காட்சியை நீக்கச் சொன்னார். மளிகைக்கடைக்காரர் கடன் நோட்டைத் திறந்து, கூட்டுத்தொகையைச் சொல்லாமல், பக்கத்தை மட்டும் அவர் பக்கம் திருப்பிக் காட்டும் காட்சி அது. என் கணிப்பில் படத்தின் மிக வலுவான காட்சிகளில் ஒன்று. "குழாயில் தண்ணீர் வராததற்கு நான் வெட்கப்படவேண்டியதில்லை. ஆனால் இந்தச் சந்திலேயே நான் வாழவேண்டும்" என்றார் அவர். மறுபேச்சின்றி எடுத்துவிட்டோம். படத்துக்கு எது தேவை என்பதில் இயக்குநரின் சொல் இறுதியானது; ஒருவர் தம் தெருவில் எப்படி நடமாடுவார் என்பதில் அந்த ஒருவரின் சொல்லே இறுதியானது. இந்த இரண்டும் மோதும்போது இரண்டாவதுக்கு வழிவிடுவதே சரி என்று நான் உறுதியாக நம்புகிறேன்.

ஒப்புதல் என்பது படப்பிடிப்பு தொடங்கும்போது வாங்கிக்கொள்ளும் கையெழுத்தோடு முடிவதில்லை. படம் முகாமின் பண்பாட்டு மையத்திலும் பின்னர் பல நாட்டு அரங்குகளிலும் காட்டப்பட்ட பிறகு, இணையத்தில் வெளியிட்டிருந்த காலத்தில், குடும்பத்தின் இளைஞர் ஒருவர் விசாரணைக்கு அழைக்கப்பட்டார். படத்துக்கும் அதற்கும் தொடர்புண்டா என்று யாரும் சொல்லப்போவதில்லை. தொடர்பில்லை என்று எங்களாலும் சொல்ல முடியவில்லை. அம்மாள் ஒரு குரல்செய்தி அனுப்பினார். அன்றே இணையப் பதிப்பை நீக்கினோம். அது இயன்றதற்குக் காரணம், குடும்பம் கேட்டுக்கொண்டால் ஒரு நாளுக்குள் எந்தத் தளத்திலிருந்தும் படத்தைத் திரும்பப் பெறலாம் என்ற பிரிவை ஒப்பந்தத்தில் முன்கூட்டியே எழுதியிருந்ததுதான். விநியோகஸ்தர்கள் இதற்கு எளிதில் இணங்குவதில்லை. முன்பணத்தைக் குறைப்பார்கள், காப்பீட்டைக் காரணம் காட்டுவார்கள், ஒரு நாள் என்பதை முப்பது நாளாக்கக் கேட்பார்கள். நேரம் எடுத்துப் பேசுங்கள், ஆனால் ஒரு நாள் என்பதை விட்டுக்கொடுக்காதீர்கள். தற்போது படம் அரங்குகளில் மட்டும், குழுவில் ஒருவர் உடனிருக்கும் திரையிடல்களில் காட்டப்படுகிறது. ஒவ்வொரு திரையிடலுக்கும் முன்பு அந்த வீட்டுக்கு ஒரு செய்தி போகிறது, சரி என்று பதில் வந்த பிறகே தேதியை உறுதி செய்கிறோம்.